மார்கழி முகூர்த்தம்

போன வாரம் சாம்பசிவத்தை நிலைக்கண்ணாடிக்கு முன்னால் நிறுத்திவிட்டு வந்தோம். டி.வி. ரிமோட்டை மைக் மாதிரிப் பிடித்துக்கொண்டு, 'இருபதாம் நூற்றாண்டின் தஞ்சைத் தரணியிலே' என்று அவர் ஒத்திகை பார்த்ததை வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். மறந்திருந்தாலும் பாதகமில்லை. அவர் மறுபடியும் சொல்வார்.

விஷயம் இதுதான். சாம்பசிவத்தின் ஒரே மகள் ஸ்ம்ருதி, ஆவணப்படம் எடுப்பவள். டெல்டா நிலங்கள் சென்ற நூற்றாண்டில் யார் கையிலிருந்து யார் கைக்குப் போயின என்று படம் எடுக்க ஏதோ ஓர் ஐரோப்பிய அறக்கட்டளை அவளைத் தேர்ந்தெடுத்திருந்தது. ஊர் ஊராகச் சுற்றியவள், கடைசியில் திருவையாற்றில் தன் அப்பா வீட்டுக்கே காமிராவோடு வந்துவிட்டாள். வராமல் எப்படி? ஒரு காலத்தில் கண்ணுக்கெட்டிய தூரம் நிலம் வைத்திருந்த ராமசேஷய்யரின் பிள்ளையல்லவா சாம்பசிவம். இன்றைக்குக் கண்ணுக்கெட்டிய தூரத்தில் அவருக்குச் சொந்தமாக இருப்பது மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டி.

நில உச்சவரம்புச் சட்டம் வந்தபோது தன் அப்பா மலர்ந்த முகத்தோடு நிலங்களை விட்டுக்கொடுத்ததைச் சாம்பசிவம் ஒரு புத்தகமாகவே எழுதியிருந்தார். சொந்தச் செலவில் அச்சடித்து, உறவுக்காரர்களின் கிருகப்பிரவேசங்களில் தாம்பூலத்தோடு சேர்த்துக் கொடுத்தும் தீராமல், மீதி பரணில் இருந்தது. இன்சூரன்ஸ் கம்பெனியில் வேலை பார்த்து ஊரார் உயிருக்கெல்லாம் பாலிசி எடுத்துக் கொடுத்தவர். தன் பேர் சாகாமலிருக்க ஒரு பாலிசி வேண்டியிருந்தது. அது மூன்று கால் ஸ்டாண்டின் மேல் கூடத்தில் வந்து நின்றது.

முதல் அடி சட்டையில் விழுந்தது.

கஞ்சி போட்ட வெள்ளைச் சட்டையும் மயில்கண் வேஷ்டியுமாக அவர் இறங்கி வந்ததும், காமிராவுக்குப் பின்னாலிருந்து பூர்ணிமா என்கிற சின்னப் பெண் தலையை மட்டும் நீட்டினாள். காமிராவில் வெள்ளை ரொம்பப் பளீரென்று எரிகிறதாம். வேறு கலர் இருக்கிறதா என்று கேட்டாள். சாம்பசிவத்திடம் இருந்தவை எல்லாம் வெள்ளை. பீரோவைக் குடைந்ததில், மாப்பிள்ளை வசிஷ்ட் எப்போதோ விட்டுவிட்டுப் போன நீல டி-ஷர்ட் அகப்பட்டது. மார்பில் சைக்கிள் படம். சைக்கிள் காமிராவுக்குத் தெரியாது என்று சத்தியம் செய்து அவரை உட்கார வைத்தார்கள்.

அடுத்து, ஒலிப்பதிவாளன் அஸார் வந்து மின்விசிறியை நிறுத்தினான். பிறகு சமையலறைக்குப் போய் ஃப்ரிட்ஜை நிறுத்தினான். அது உறுமினால் மைக்கில் கேட்குமாம். போகிற போக்கில் தன் கார்ச் சாவியை ஃப்ரிட்ஜுக்குள் வைத்துவிட்டு வந்தான். சாவி அங்கே இருந்தால்தான் கிளம்பும்போது மறக்காமல் ஃப்ரிட்ஜைப் போட்டுவிட்டுப் போவானாம். இது அவர்கள் தொழில் வழக்கம்.

வேர்க்க விறுவிறுக்கச் சாம்பசிவம் ஆரம்பித்தார். மராட்டிய மன்னர்களில் தொடங்கினார். வெள்ளைக்காரன் வந்தான், போனான். எதிரே மோடாவில் ஸ்ம்ருதி உட்கார்ந்திருந்தாள். கறுப்புக் கைத்தறிப் புடைவை, காதில் மண்ணால் செய்த தோடு. கிராமத்துப் பெண்கள் யாரும் உடுத்தாத அளவுக்குக் கிராமத்துத்தனமாக இருந்தாள். அப்பா மேடைத் தமிழில் மூச்சு வாங்கிய இடத்தில் தணிந்த குரலில் கேட்டாள்:

"அப்பா, அந்தக் காலத்தை நெனச்சா உனக்கு என்ன வாசனை வரது?"

சாம்பசிவம் யோசித்தார். புத்தகத்தில் அந்த அத்தியாயம் இல்லை.

"வாசனையெல்லாம் அப்போ கிடையாதும்மா" என்றார் கண்டிப்பாக.

கேட்டறிந்ததையெல்லாம் விட்டுவிட்டு, நீ கண்ணால் பார்த்ததைச் சொல் என்றாள் ஸ்ம்ருதி. அவர் உடனே 1947க்குப் போனார். அப்போது அவர் பிறக்கவேயில்லை.

ஒரு வழியாகப் பேட்டி முடிந்தது. அஸார் காதுக் கருவியை அழுத்திக்கொண்டு, ஒரு நிமிஷம் எல்லோரும் பேசாமல் அசையாமல் இருக்க வேண்டும் என்று கேட்டுக்கொண்டான். காலி அறையின் சத்தத்தையும் தனியாகப் பதிவு செய்துகொள்வார்கள். படத்தை ஒட்டும்போது தேவைப்படும். இது சாம்பசிவத்துக்கு எப்படித் தெரியும்? ஒரு நிமிஷம் மௌனம் என்றால் அவருக்கு அது ஒன்றுதான். தன் அப்பா ராமசேஷய்யருக்கு இந்தச் சின்னப் பசங்கள் அஞ்சலி செலுத்துகிறார்கள் என்று நெஞ்சு நெகிழ்ந்து, நாற்காலி கிரீச்சிட எழுந்து நின்று, கை கூப்பிக் கண்ணை மூடிக்கொண்டார்.

"சார், சேர் சத்தம் வந்துருச்சு. இன்னொரு தடவை போலாமா?" என்றான் அஸார்.

சாம்பசிவம் இன்னொரு தடவையும் எழுந்து நின்றார்.

இந்த நேரத்தில்தான் அவர் மனைவி வாலாம்பாள், ஒரு கையில் மொச்சைக்கொட்டைக் கிண்ணமும் இன்னொரு கையில் சில்லிட்ட கார்ச் சாவியுமாக உள்ளேயிருந்து வந்தாள். தயிருக்குப் பக்கத்தில் இது எப்படி வந்தது என்று விசாரித்தாள். அஸார் விளக்கினான். அவள் சிரித்துவிட்டு அங்கேயே தரையில் உட்கார்ந்து, ஊறின மொச்சையைப் பிதுக்க ஆரம்பித்தாள். இவர் அப்பாவின் நிலதானக் கதை எந்த மட்டில் இருக்கிறது என்று மகளிடம் கேட்டாள். பிறகு, சும்மா பேச்சுவாக்கில், ஒரு வார்த்தை சொன்னாள்.

"எங்க கல்யாணமே அந்தச் சட்டத்துக்காக நடந்ததுதானே. இல்லேன்னா யாராவது மார்கழி மாசம் தாலி கட்டுவாளா?"

ஸ்ம்ருதி மோடாவிலிருந்து எழுந்தாள். பூர்ணிமா காமிராவைத் திருப்பினாள். சாம்பசிவத்தின் முகத்தில் காலையிலிருந்து கொதித்துக்கொண்டிருந்த பெரிய விளக்கை இரண்டு பேர் தூக்கி, வாலாம்பாள் பக்கம் வைத்தார்கள். அவர் மார்பில் குத்தியிருந்த சின்ன மைக்கை அஸார் கழற்றி, வாலாம்பாளின் தோளில் குத்தினான். கழற்றும்போது "தேங்க்ஸ் சார்" என்றான். கல்யாண வீட்டில் முதல் பந்தி முடிந்தவரைக் கிளப்புகிற குரல்.

"அம்மா, நீ அப்படியே பிதுக்கிண்டே பேசு" என்றாள் ஸ்ம்ருதி.

"சத்தம் வராதோ?"

"அந்தச் சத்தம் அழகா இருக்கும்மா" என்றான் அஸார்.

நாற்காலிச் சத்தம் தப்பு, மொச்சைச் சத்தம் அழகு. இருட்டில் நின்ற சாம்பசிவத்துக்குள் முதல் பொறி விழுந்தது.

பாவம், அவருக்குப் பொறாமை புதிது. மனைவியின் மேல் பொறாமைப்பட அவருக்கு இதுவரை அவசியமே வந்ததில்லை. அவள் ரசத்தைப் பாராட்டுவார்கள். அதனாலென்ன, ரசம் சாப்பிட்டவர் என்ற முறையில் அந்தப் பெருமையிலும் அவருக்குப் பங்கு இருந்தது. இதில் பங்கு கிடையாது போலிருந்தது.

வாலாம்பாள் பேசினாள். மேடைத் தமிழ் கிடையாது, மராட்டிய மன்னர்கள் கிடையாது. அறுபத்தொன்பதாம் வருஷக் கடைசி. சட்டம் இன்னும் இறுகப் போகிறது, தை பிறந்தால் எந்த நிமிஷமும் வரலாம் என்று ராமசேஷய்யரிடம் வக்கீல் சொல்லிவிட்டார். மருமகள் பேரில் எழுதிவைத்தால் கொஞ்சம் தப்பும். எழுதுவதற்கு மருமகள் வேண்டுமே. மாயவரம் பக்கத்திலிருந்து பதினெட்டு வயது வாலாம்பாளைப் பிடித்தார்கள்.

மார்கழியில் முகூர்த்தம் எது? வாத்தியார் முடியவே முடியாது என்றார். ஒரு பசுமாட்டைக் கண்டதும் பரிகாரம் இருப்பது அவருக்கு ஞாபகம் வந்தது. நாகஸ்வரக்காரர் விடிகாலையில் கோயிலில் வாசித்துவிட்டுத்தான் வர முடியும் என்றார். சமையல்காரர், இந்த மாசத்தில் கூப்பிடுகிறார்களே என்று திவசச் சமையலுக்குத் தயாராக வந்து, வாழைக்காயை உரிக்க ஆரம்பித்துவிட்டார். ஊரில் பெண்டுகள் எல்லோரும் வாலாம்பாளின் முகத்தைப் பார்க்காமல் வயிற்றைப் பார்த்தார்கள். என்ன அவசரமோ, என்ன கேடோ.

"தாலி கட்டியாச்சு. நலங்குக்குக் கூப்பிடுவான்னு உக்காந்திருக்கேன். எங்க மாமனார் வந்து, கார் ரெடின்னார். மாலையும் கழுத்துமா ரிஜிஸ்தர் ஆபீஸுக்குப் போனேன். இந்தாத்துக்கு வந்து நான் முதல்ல பண்ணின காரியம் கையெழுத்துப் போட்டது. பால் காச்சினது அப்புறம்தான்."

"எவ்வளவு நிலம்மா?"

"யாருக்குத் தெரியும். எத்தனை வேலின்னுகூடப் படிச்சுக் காமிக்கலை. ஒரே ஒரு தடவை பாத்தேன். பஸ்ஸுல போறச்சே, அதோ பார், உன் நிலம்னு இவர் ஜன்னல் வழியா காமிச்சார். பஸ் நிக்கலை."

ஸ்ம்ருதி கண்ணை மூடித் திறந்தாள். அறக்கட்டளைக்கு அவள் எழுதிக் கொடுத்த விண்ணப்பத்தில் இருபது பக்கம் சுற்றி வளைத்துச் சொல்ல முயன்றதை, அவள் அம்மா மொச்சை பிதுக்கிக்கொண்டே பஸ் ஜன்னலில் வைத்துவிட்டாள். இதில் ஸ்ம்ருதிக்குமே லேசாகப் பொறாமைதான். ஆனால் படம் அவளுடையது என்பதால் சமாளித்துக்கொண்டாள்.

சாம்பசிவம் இருமினார். யாரும் திரும்பவில்லை. கண்ணாடியைத் தேடுகிறாற்போல் விளக்குக்கு முன்னால் குறுக்கே நடந்தார். பூர்ணிமா கையைக் காட்டி அவரை மாடு விரட்டுகிறாற்போல் ஒதுக்கினாள். அவர் சமையலறைப் பக்கம் போனார். சற்றைக்கெல்லாம் உள்ளேயிருந்து ஓர் உறுமல் எழுந்தது.

"யாரோ ஃப்ரிட்ஜைப் போட்டுட்டாங்க" என்றான் அஸார்.

"பால் கெட்டுப்போயிடும்" என்று உள்ளேயிருந்து சாம்பசிவம் குரல் கொடுத்தார். அவர் இந்த வீட்டில் பாலைப் பற்றிக் கவலைப்பட்டது இதுவே முதல் தடவை.

மறுபடி அணைத்தார்கள். மறுபடி அமைதி. இப்போது ஸ்ம்ருதி சிரித்துக்கொண்டே, தான் சின்ன வயதிலிருந்து கேட்டு வளர்ந்த கதையை எடுத்தாள். ஒவ்வொரு கல்யாண நாளுக்கும் அப்பா சொல்வது. கார்த்திகை தீபத்தன்று கோயிலில் வாலாம்பாளைப் பார்த்ததும், இவள்தான் என்று முடிவு செய்து, தை வரைக்கும் பொறுக்க முடியாமல் மார்கழியிலேயே முகூர்த்தம் வைக்கச் சொல்லி அப்பாவிடம் சண்டை போட்டாராம். புத்தகத்திலும் அது 'காதல் மாதம் பார்க்குமோ' என்ற தலைப்பில் இருந்தது.

"பொறுக்க முடியாதவர் உங்க தாத்தா" என்றாள் வாலாம்பாள். "இவருக்கென்ன, தாலி கட்டுன்னா கட்டினார். அன்னிக்கு இவருக்கு ஜுரம் வேற. மூக்கைச் சிந்திண்டே இருந்தார்."

அஸாருக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. பூர்ணிமாவின் காமிரா குலுங்கியது. ஸ்ம்ருதி வாய்விட்டே சிரித்துவிட்டாள். சமையலறை வாசலில் சைக்கிள் படம் போட்ட டி-ஷர்ட்டோடு நின்றிருந்த மனிதருக்கு முகம் ஜிவுஜிவு என்று சிவந்தது. நிலம் போனது சரி, சட்டம். படத்தில் இடம் போனது, மகளின் ரசனைக் கோளாறு. இப்போது காதலும் போனால் அவர் எதை வைத்துக்கொண்டு வரலாற்றில் நிற்பது?

"ஸ்ம்ருதி. அம்மாவுக்குத் தெரியாத ஒரு விஷயம் என்கிட்ட இருக்கு" என்றார்.

"அப்பா, அப்புறம்."

"எங்கப்பா மார்கழி முகூர்த்தம் முதல்ல குறிச்சது இவளுக்கு இல்லை."

மொச்சைச் சத்தம் நின்றது.

ஸ்ம்ருதி அம்மாவைப் பார்த்தாள், அப்பாவைப் பார்த்தாள். ஒரு கணம் மகளாக இருந்தாள். அடுத்த கணம் பூர்ணிமாவுக்குக் கண்ணைக் காட்டினாள். விளக்கைத் தூக்கினார்கள். அஸார் ஓடிவந்து இன்னொரு மைக்கைச் சைக்கிளுக்கு மேலே குத்தினான். நாற்காலியில் உட்கார்ந்த சாம்பசிவத்தின் முகத்தில் வெளிச்சம் திரும்ப வந்து விழுந்தது. மாசி வெயிலில் காய்கிற பூனை மாதிரி அவர் கண் சொக்கியது.

சொன்னார். நீடாமங்கலத்துப் பெண். பெயர் தர்மசம்வர்த்தினி. நாள் குறித்து, பாத்திரமெல்லாம் வாங்கியாகிவிட்டது. பெண்ணின் அப்பா கடைசி நேரத்தில் மறுத்துவிட்டார். மார்கழியில் தள்ளிவிட என் பெண் என்ன நாதியற்றவளா, தை பிறக்கட்டும், ஜாம் ஜாம் என்று செய்து தருகிறேன் என்றார். ராமசேஷய்யருக்குத் தை வரைக்கும் நேரமில்லை. பெண்ணை மாற்றினார், நாளை மாற்றவில்லை.

எல்லோரும் அவரையே பார்த்தார்கள். கடைசியில், அவரையே. இவ்வளவு பேர் இவ்வளவு ஆவலாகத் தன்னைப் பார்த்து எத்தனை நாளாயிற்று என்று அவருக்கு நெஞ்சு விம்மியது. நிறுத்த மனசு வரவில்லை. கேட்காததையும் சொன்னார். நீளப் பின்னல். வீணை. பெண் பார்க்கப் போனபோது, மாப்பிள்ளைக்குப் பாடத் தெரியுமா என்று அவளே திருப்பிக் கேட்டாளாம். அவர் இரண்டு வரி பாடினாராம்.

"நீங்க பாடுவேளா?" என்றாள் வாலாம்பாள்.

அவள் குரலில் ஒன்றும் இல்லை. அதனால் அவர் கவனிக்கவில்லை.

"அப்போ பாடுவேன். தை வரைக்கும் நான் காத்திருக்கத் தயார்னு அப்பாகிட்ட தைரியமாச் சொன்னேன் பூர்ணிமா. அப்பாதான் ஒத்துக்கலை."

ஸ்ம்ருதி மெதுவாகக் கேட்டாள். "அவங்களுக்காகக் காத்திருக்கேன்னு சொன்னியாப்பா?"

"பின்னே? சண்டையே போட்டேனே."

ஆக, சண்டை போட்டது நிஜம். எந்தப் பக்கம் நின்று போட்டார் என்பதுதான் புத்தகத்தில் இடம் மாறிப்போயிருந்தது. வாலாம்பாளுக்கு அது புரிந்தது. கிண்ணத்தைத் தள்ளி வைத்துவிட்டுக் கையைப் புடைவைத் தலைப்பில் துடைத்துக்கொண்டாள். நிலத்துக்காகத் தன்னைக் கட்டிக்கொண்டார் என்பது அவளுக்குத் தாலி கட்டின அன்றைக்கே தெரியும். அதோடு அவள் சௌக்கியமாகக் குடித்தனம் நடத்தினாள். நிலத்தோடு ஒருத்திக்குப் போட்டி இல்லை. நீளப் பின்னல் வேறு விஷயம்.

"இப்ப அவங்க எங்க இருக்காங்க சார்?" என்று கேட்டாள் பூர்ணிமா.

"நீடாமங்கலத்துலயேதான். கல்யாணமே பண்ணிக்கலை. ஸ்கூல்ல பாட்டு டீச்சரா இருந்து ரிடையர் ஆயிட்டா. பாவம், இப்போ முட்டிவலி."

"எந்தத் தெரு?" இது வாலாம்பாள்.

விவரம் கேட்டால் துல்லியமாகச் சொல்வது சாம்பசிவத்தின் இன்சூரன்ஸ் பழக்கம். "லெவல் கிராசிங் தாண்டி இரண்டாவது தெரு. கோடி வீடு. வாசக்கதவு பச்சை பெயின்ட். போன பொங்கலுக்கு முன்னாடி நீலமா இருந்தது."

சொல்லி முடித்த பிறகுதான், என்ன சொன்னோம் என்பது அவர் காதிலேயே விழுந்தது.

டெல்டாவில் யாரும் குறுக்குக் கேள்வி கேட்காமல் ஒப்புக்கொள்கிற சால்ஜாப்பு ஒன்று உண்டு. நீடாமங்கலம் ரயில்வே கேட்டில் மாட்டிக்கொண்டேன் என்பது. அங்கே கூட்ஸ் வண்டி நின்றால் பஸ் எப்போது நகரும் என்று யாராலும் சொல்ல முடியாது. முகூர்த்தத்துக்குப் பிந்தி வந்த மாப்பிள்ளையைக்கூட அதைச் சொன்னால் மன்னித்துவிடுவார்கள்.

"திருவாரூர்ப் பக்கம் கேம்ப் போறச்சேல்லாம் லேட்டா வருவேள்" என்றாள் வாலாம்பாள். "நீடாமங்கலத்துல கேட் போட்டுட்டான்னு சொல்லுவேள். நானும் ரசத்தை மறுபடி சுட வெச்சுப் போடுவேன். எத்தனை வருஷம்னு தெரியலை." அவரை நேராகப் பார்த்தாள். "ஏன்னா, அந்த கேட் நிஜமாவே மூடித்தான் இருந்துதா?"

சாம்பசிவம் வாயைத் திறந்தார். மராட்டிய மன்னர்கள் வரவில்லை. வெள்ளைக்காரனும் வரவில்லை. வாய் திறந்தபடியே இருந்தது.

"கிட்டப் போ" என்று ஸ்ம்ருதி, உதடு மட்டும் அசைய, பூர்ணிமாவிடம் சொன்னாள். காமிரா மெல்ல நெருங்கியது. நெற்றி, கண், அந்தத் திறந்த வாய். காமிராச் சட்டகம் முழுக்கச் சாம்பசிவத்தின் முகம். காலையிலிருந்து அவர் கேட்டது இதைத்தான். இப்போது விளக்கின் சூடு தாங்கவில்லை. அதைத் திருப்பச் சொல்ல யாராவது இருக்கிறார்களா என்று பார்த்தார். யாரும் அசையவில்லை.

வாலாம்பாள் தன் மைக்கைத் தானே கழற்றினாள். வயரைச் சுருட்டி அஸாரின் உள்ளங்கையில் வைத்தாள்.

"நாளைக்கு நீங்கள்லாம் அங்க போவேளோல்லியோ, படம் எடுக்க?"

"போகணும்மா" என்றாள் ஸ்ம்ருதி. இந்தத் தடவை அவள் குரல் மகளுடையதா டைரக்டருடையதா என்று அவளுக்கே தெரியவில்லை.

"நானும் வரேன். முன் சீட்டு எனக்கு" என்றபடி வாலாம்பாள் எழுந்தாள். "இவர் பின்னால உக்காந்து வழி சொல்லட்டும். இவருக்குத்தான் நன்னாத் தெரியுமே."

பீரோ திறக்கிற சத்தம் கேட்டது. பிறகு ஒவ்வொரு புடைவையாக எடுத்து, உதறி, வேண்டாம் என்று கட்டிலில் போடுகிற சத்தம்.